பூட்டோடு வாதாடும் சாவி

ராபர்ட் ஜாக்சன் பென்னட்டின் 'பவுண்ட்ரிசைட்' (2018) நாவல் பற்றிய உங்கள் விமர்சனத்தில், மாயத்துக்கான விளக்கங்கள் கதையின் வேகத்தைக் கெடுக்கின்றன என்று எழுதியிருக்கிறீர்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. திருட்டுக் கதைக்கு உயிரே அந்த விளக்கங்கள்தான். வண்டிச் சக்கரத்தில் குறியீடுகளைப் பொறித்து, 'நீ சரிவில் நிற்கிறாய்' என்று அதை நம்ப வைக்கிறார்கள். சமதளத்திலும் அது தானாக உருள்கிறது! பொருளை நம்ப வைப்பதுதான் இங்கே மாயம். அப்படியென்றால் வாதாடி அதைக் குழப்பவும் முடியும் அல்லவா? திருடி சான்சியாவின் கையில் சிக்கும் கிளெஃப் என்ற பேசும் சாவி அதைத்தான் செய்கிறது. பூட்டில் பொறித்த கட்டளையில் ஓட்டை தேடி, வக்கீல் மாதிரி பூட்டோடு மல்லுக்கு நிற்கும் அந்த உரையாடல்களை நான் இரண்டு முறை படித்தேன்.

அப்புறம், நீங்கள் சொல்லாமல் விட்ட ஒன்று. சான்சியா சுவரைத் தொட்டால் அதற்குள் இருப்பதெல்லாம் தெரிந்துவிடும். அதே காரணத்தால் இன்னொரு மனிதரின் தொடுகையை அவளால் தாங்க முடியாது. அடிமையாக இருந்தபோது அவள் மண்டைக்குள் வைத்த தகடு தந்த வரமும் வேதனையும் அது. திறமைக்கு இவ்வளவு கனமான விலை வைத்த மாயக்கதை அபூர்வம்.

வில்லன் பாத்திரங்களில் அழுத்தம் இல்லை என்று நீங்கள் சொன்னது சரி. முடிவிலும் மாயம் அளவுக்கு மீறிப் பெருத்துவிடுகிறது. எனக்குத் தொடக்கத்தில் வரும் துறைமுகத் திருட்டுதான் பிடித்தது.