ஓம், காசு கொடுத்துத்தான் காடு பார்த்தோம்

போன கிழமை நான் போட்ட சூரிச் படங்களுக்குக் கீழே நடந்த கூத்தைப் பார்த்தவர்களுக்கு விளக்கம் தேவையில்லை. பார்க்காதவர்கள் புண்ணியம் செய்தவர்கள். அவர்களுக்கு ஒரு வரி: சுவிஸில் இருக்கிற அக்காவிடம் பிள்ளைகளோடு போனபோது, அங்கே கூரைக்குக் கீழே வளர்த்த ஒரு மழைக்காட்டைக் காசு கொடுத்துப் பார்த்தோம். அதுதான் குற்றம். அதில் ஒரு படத்தை எடுத்துத் தன் பக்கத்தில் போட்டு, "காட்டுக்குப் பக்கத்தில் பிறந்தவர்கள் காடு பார்க்க விமானம் ஏறிய கதை" என்று எழுதியவரின் பெயரை நான் சொல்லப் போவதில்லை. படித்தவர். கவிதையும் எழுதுவார். எங்கள் மட்டக்களப்பு கல்லடிப் பாலத்தடியில் கண்டால் "டீச்சர், சுகமா இருக்கிறீங்களா" என்று கேட்பவர். அதனால்தான் கொஞ்சம் கூடுதலாக நொந்தது.

சரி, விசயத்துக்கு வருவோம்.

நாங்கள் போனது சூரிச் மிருகக்காட்சிசாலைக்குள் இருக்கிற மசோவாலா மழைக்காட்டு மண்டபத்துக்கு. 2003இல் திறந்தது. 11,000 சதுர மீற்றர் அளவு, 30 மீற்றர் உயரம். மடகஸ்காரின் வடகிழக்கில் இருக்கிற மசோவாலா குடாநாட்டுக் காட்டை ஒரு கூரைக்குக் கீழே வளர்த்து வைத்திருக்கிறார்கள். அது டிசம்பர் விடுமுறை. வெளியே பனி. அக்காவின் வீடோ சின்ன மாடிவீடு. அதற்குள் அவளுடைய பிள்ளைகளும் என்னுடைய பிள்ளைகளும். கீழ்வீட்டுக்காரி ஏற்கனவே வந்து கதவைத் தட்டிவிட்டுப் போய்விட்டாள். அந்தக் குளிரில் இத்தனை பேரையும் கூட்டிக்கொண்டு வேறு எங்கே போவது? கவிஞருக்கு யோசனை இருந்தால் சொல்லட்டும்.

"ஊரில் இல்லாத காடா?" என்று கேட்கிறார்கள். ஓம், ஊரில் இல்லாத காடுதான். மட்டக்களப்பிலும் அம்பாறையிலும் மழைக்காடு கிடையாது. எங்களுடையது வரண்ட வலயக் காடு. மாரி நாலு மாதம் பெய்கிறதைக் குடித்துவிட்டு மிச்ச வருசமெல்லாம் வெயிலில் நிற்கிற பாலை, வீரை, முதிரை. அதன் வடிவு வேறு, நான் குறை சொல்லவில்லை. ஆனால் மழைக்காடு பார்க்க வேண்டுமென்றால் இந்த நாட்டில் சிங்கராஜ வனப் பக்கம், தீவின் மற்ற முனைக்குப் போக வேண்டும். எட்டாம் வகுப்புப் பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுக்கிற விசயத்தை இங்கே பெரியவர்களுக்கு எழுத வேண்டியிருக்கிறது.

அதை விடுங்கள். ஊரில் காடு இருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். இருந்தால்? இருக்கிறது என்பதும் போய்ப் பார்த்தோம் என்பதும் ஒன்றா? அம்பாறைப் பக்கத்துக் கல்லோயா 1954இலேயே தேசிய வனம் ஆனது. இங்கினியாகலையில் படகேறினால் சேனாநாயக்க சமுத்திரம் என்கிற பெரிய குளத்தில் தீவுக்குத் தீவு யானை நீந்திப் போவதைப் பார்க்கலாம். என் வகுப்பில் ஒருநாள் கேட்டேன், அங்கே போனவர்கள் கையை உயர்த்துங்கள் என்று. இரண்டோ மூன்றோ கைகள். அதிலும் ஒன்று "போகல்ல டீச்சர், யூடியூப்ல பாத்த" என்றது. நுவரெலியாவுக்குப் போய்க் குதிரையோடு படம் எடுத்தவர்கள் ஆர் என்று கேட்டிருந்தால் வகுப்பே உயர்த்தியிருக்கும். அப்படியான ஊரிலிருந்துதான் எனக்குக் கேள்வி வருகிறது, ஊரில் இல்லாத காடா என்று. இருக்கிறது. நீங்கள் போகவில்லை. அவ்வளவுதான்.

அக்காவைப் பற்றிச் சொல்ல வேண்டும். அவள் தொண்ணூறுகளில் போனவள். எங்கள் சின்ன வயதில் காடு என்றால் வெடிச்சத்தம் வருகிற திசை. அப்பாவின் வயல் வாவிக்கு அந்தப் பக்கம், படுவான்கரையில். பொழுது சாய்வதற்குள் அவர் வராவிட்டால் அம்மா படலையை விட்டு நகர மாட்டா. காட்டுக்குள் குடும்பமாகப் போய்ச் சோறு கட்டிச் சாப்பிட்டுவிட்டு வருகிற கதையெல்லாம் எங்களுக்குப் பிறகு வந்த காலத்தின் கதை. மறுகா அவள் போய்விட்டாள். அங்கே வயோதிபர் இல்லமொன்றில் இரவு வேலை. மிருகக்காட்சிசாலையில் முடிகிற அந்த 6ஆம் இலக்க ட்ராமில் இத்தனை வருசம் ஏறி இறங்கியிருக்கிறாள், கடைசித் தரிப்பு வரை ஒருநாளும் போனதில்லை. நாங்கள் வந்ததால்தான் அவளே போனாள்.

கதவைத் திறந்து உள்ளே கால் வைத்ததும் மகனுடைய மூக்குக்கண்ணாடி முழுக்கப் புகார் படிந்துவிட்டது. "அம்மா ஒண்டும் தெரியல்ல" என்று நின்ற இடத்திலேயே நின்றான். சட்டைக்குள் வியர்க்கத் தொடங்கியது. சால்வை, குளிர்ச்சட்டை, கையுறை என்று ஒவ்வொன்றாகக் கழற்றி எல்லாம் என் கையில். அக்கா மட்டும் வாசலடியில் நின்று மூச்சை இழுத்து இழுத்து விட்டாள். "புள்ள, மழை விட்ட பின்னேரம் எங்கட கிணத்தடியில நிண்ட மாதிரிக் கிடக்கு" என்றாள். பின்னால் வந்த வெள்ளைக்காரக் குடும்பம் வழி கேட்டது, அவளுக்கு அது காதில் விழவில்லை.

இதற்குத்தான் காசு கொடுத்தோம். இதற்குக் காசு கொடுக்கக் கூடாது என்று ஆர் சொன்னது?

"எல்லாம் செயற்கை" என்று ஒரு தம்பி எழுதியிருந்தார், கண்ணாடிக் கூண்டாம். முதலில், அது கண்ணாடி இல்லை தம்பி, காற்று நிரப்பிய பிளாஸ்டிக் படலம். கூரையில் விழுகிற மழையைச் சேர்த்துத்தான் உள்ளே மரத்துக்கு ஊற்றுகிறார்கள். மரம் மரம்தான், பிளாஸ்டிக் இல்லை. மண்டபத்துக்குள் குரங்குக்குத் தூரத்துச் சொந்தமான லீமர்களுக்குக் கூண்டும் இல்லை. செம்பட்டை உடம்பும் கறுப்பு முகமுமாக, பூனையை விடக் கொஞ்சம் பெரிய சாமான். இந்த வகை லீமர் காட்டில் அந்த ஒரு குடாநாட்டில் மட்டும்தான் இருக்கிறது. அது வந்து "இந்தா பார்" என்று நிற்காது. மரவுச்சிப் பாதையில் ஏறி நின்று, வாயை மூடிக்கொண்டு காத்திருந்தால்தான் காணலாம். என் சின்ன மகள் அவ்வளவு நேரம் வாயை மூடியிருந்தாள். இதை நம்பாதவர்கள் அவளுடைய பாலர் பாடசாலை டீச்சரிடம் கேட்கலாம்.

அவள்தான் ஓரிடத்தில் நின்று, "அம்மா, இது பாசிக்குடா ஹோட்டல் வாசல்ல நிக்கிற வாழை" என்று கத்தினாள். விசிறி வாழை. உண்மைதான், அதன் சொந்த ஊரே மடகஸ்கார். சாமிக்குப் பறிக்கிற நித்தியகல்யாணியும் அங்கிருந்து வந்ததுதான், அதிலிருந்து இரத்தப் புற்றுநோய் வந்த பிள்ளைகளுக்குக் கொடுக்கிற மருந்து எடுக்கிறார்கள் என்று சொன்னேன். அக்கா "அப்படியா" என்று என்னைப் பார்த்த பார்வையில் இருபது வருசம் பிள்ளைகளுக்குப் படிப்பித்ததற்கு ஒரு பயன் கிடைத்தது. இதை நான் ஊரிலேயே சொல்லிக் கொடுத்திருக்கலாமே என்று அடுத்த ஆள் கேட்பார். சொல்லித்தான் கொடுக்கிறேன். பாடப்புத்தகத்தில் கேட்பதும், தலைக்கு மேல் வௌவால் தொங்குகிற இடத்தில் நின்று கேட்பதும் ஒன்றா?

மிருகங்களைத் தூர தேசத்திலிருந்து கொண்டுவந்து வைத்திருப்பது சரியா என்றும் ஒரு பிள்ளை பண்பாகக் கேட்டிருந்தா. நியாயமான கேள்வி. யோசிக்க வேண்டியது. அந்த மிருகக்காட்சிசாலை மடகஸ்காரில் உள்ள மசோவாலா தேசிய வனத்துக்குப் பண உதவி செய்கிறது என்பதை மட்டும் சொல்லிவிட்டு அடுத்ததுக்குப் போகிறேன்.

அடுத்தது, "ஊரில் வயலெல்லாம் தண்ணிக்குள்ள, இவங்க மழைக்காடு பாக்கிறாங்க." டிசம்பரில் இங்கே தண்ணீர் ஏறுவது நான் விமானம் ஏறியதாலா? நான் வீட்டில் இருந்திருந்தால் வாவி வடிந்திருக்குமா? வெள்ளம் வந்த வருசங்களில் எங்கள் பாடசாலையில் சமைத்துப் பொதி கட்டியவர்களில் நானும் ஒருத்தி. அப்போது நான் படம் போடவில்லை. போட்டிருக்க வேண்டும் போல.

"அக்கா காசுதானே" என்று எழுதியவருக்கு என்ன சொல்வது என்று நாலைந்து தரம் எழுதி அழித்தேன். ஓம், அக்கா காசு. நுழைவுச்சீட்டு அவள்தான் எடுத்தாள், என்னைப் பேர்ஸைத் திறக்க விடவில்லை. அந்தக் காசு அவள் இரவிரவாக மற்றவர்களுடைய அம்மா அப்பாவைக் கழுவித் துடைத்துச் சம்பாதித்தது. எங்கள் அம்மா கட்டிலோடு கிடந்தபோது வந்து பார்க்க அவளுக்கு முடியவில்லை. இறுதிக் கிரியையைக் கைத்தொலைபேசியில் பார்த்தாள். அவளுடைய தங்கச்சி பிள்ளைகளோடு ஒருநாள் வெளியே போக அவள் செலவழித்தால், அதில் உங்களுக்கு என்ன நட்டம்? கோயில் திருவிழாவுக்கு இதே அக்கா அனுப்பிய காசைப் பற்றுச்சீட்டு எழுதி வாங்கியபோது அது அக்கா காசு என்று ஆருக்கும் உறைக்கவில்லை.

எழுத வந்தது வேறு. இருந்தாலும் வந்துவிட்டது, இருக்கட்டும்.

இன்னொருவர் சிரிக்கிற பொம்மையோடு போட்டிருந்தார்: "எங்களுக்கு யானை இலவசம்." இலவசம்தான். அம்பாறைப் பள்ளக்காட்டுக் குப்பைமேட்டுக்குப் போனால் கிட்டவே பார்க்கலாம். எட்டு வருசத்தில் இருபது யானை அளவில் அந்தக் குப்பையில் பிளாஸ்டிக் தின்று செத்ததாக 2022இல் உலகமெல்லாம் செய்தி வந்தது. உன்னிச்சைக் குளக்கட்டில் ஞாயிறு பின்னேரம் போய்ப் பாருங்கள், சோறு சுற்றின லஞ்ச் சீற், யோகட் கோப்பை, உடைந்த போத்தல். அங்கே குந்தியிருந்து சாப்பிட்டவர்களில் எத்தனை பேர் என் படத்துக்குக் கீழே காட்டின் அருமையைப் பற்றி வகுப்பெடுத்தார்கள் என்று எனக்குத் தெரியாது. இரண்டு பேரையாவது தெரியும்.

அந்த மண்டபத்தில் ஒரு மிட்டாய்க் கடதாசி கூட நிலத்தில் இல்லை. என் மகன் கையில் இருந்த ரிசுக் கடதாசியைப் போட இடம் தேடித் தேடிக் கடைசியில் காற்சட்டைப் பைக்குள் வைத்தான். ஊருக்கு வந்து அதே பிள்ளை, பஸ்ஸில் யன்னலால் போத்தலை எறிந்த ஒரு ஐயாவிடம் "ஏன் எறிஞ்சீங்க" என்று கேட்டுவிட்டான். அவர் என்னைத்தான் முறைத்தார்.

பாலைப்பழம் பழுக்கிற காலத்தில் கல்லோயாவுக்குப் போவதாகப் பிள்ளைகளுக்குச் சொல்லியிருக்கிறேன். எங்கள் ஒழுங்கை ஆட்களோடு ஒரு வேன் பேசுகிறோம். இடம் இருக்கிறது. கவிஞருக்கும் வர விருப்பமென்றால் உள்பெட்டியில் சொல்லட்டும். வேனுக்கும் படகுக்கும் தலைக்கு இவ்வளவு என்று பங்குக்காசு முன்கூட்டியே கட்ட வேண்டும், சாப்பாடு எங்கள் வீட்டிலிருந்து வரும். லஞ்ச் சீற் கொண்டுவர வேண்டாம், கோப்பை கொண்டு வாங்க.