பாத்திரம் உருட்டுகிற சத்தம்

வீட்டுக்குள் முடங்கிப்போன பெண்ணைப் பற்றிய குறும்படம் என்றால் நம் யூடியூபில் முதலில் ஒரு வயலின் அழும். கணவன் கத்துவான், மாமியார் முறைப்பார், முடிவில் திரை இருண்டு ஒரு வாசகம் வரும். எனக்கு இதெல்லாம் அலுத்துவிட்டது. 'அந்தக் கணவன் நான் இல்லையப்பா' என்று நிம்மதியாக எழுந்து போய்விட முடிகிறதே, அதுதான் சிக்கல்.

அமெரிக்கக் கலைஞர் மார்த்தா ராஸ்லர் 1975-இல் எடுத்த 'செமியாட்டிக்ஸ் ஆஃப் த கிச்சன்' (அடுக்களையின் குறியியல்) என்ற படம் ஆறு நிமிடம்தான். கறுப்பு வெள்ளை, அசையாத கேமரா. டிவி சமையல் நிகழ்ச்சி போலவே மேசைக்குப் பின்னால் நின்று, ஏப்ரனில் தொடங்கி ஏ, பி, சி வரிசைப்படி ஒவ்வொரு சாமானாகப் பெயர் சொல்லி, அதை எப்படிப் பயன்படுத்துவது என்று காட்டுகிறார். முகத்தில் ஒரு சலனமும் இல்லை. கைதான் வேறு மாதிரி. கத்தி காற்றைக் குத்துகிறது. கரண்டியால் இல்லாத குழம்பை மொண்டு பக்கவாட்டில் வீசுகிறார்.

அம்மாவிடம் போட்டுக் காட்டினேன். ஆங்கிலம் தெரியாது. கரண்டி வீசிய இடத்தில் சிரித்துவிட்டார். "பாத்திரம் உருட்டுறாடா!"

அதேதான். அடுக்களையில் ஒரு தட்டு கொஞ்சம் ஓங்கி விழுந்தால் கூடத்தில் பேப்பர் விலகும். "என்ன இப்போ?" "ஒண்ணுமில்லையே, கை தவறிடுச்சு." வேலை செய்துகொண்டேதான் கோபப்பட முடியும், வேலையை நிறுத்திவிட்டுக் கோபப்பட்டால் அது பஞ்சாயத்து.

பெல்ஜிய இயக்குநர் ஷாந்தால் அக்கர்மன் 18 வயதில், 1968-இல், பிரஸ்ஸல்ஸில் எடுத்த 'சோத் மா வில்' (என் ஊரே, வெடித்துச் சிதறு) என்ற படம் இதைவிட முரட்டுத்தனமானது. அவரே நடித்திருக்கிறார். ஏதோ முணுமுணுத்துப் பாடியபடி வீட்டுக்குள் வருகிறாள், கதவிடுக்கை டேப் ஒட்டி அடைக்கிறாள், ஸ்பகெட்டி சாப்பிடுகிறாள். தரையைக் கழுவுகிறேன் என்று எல்லாவற்றையும் கொட்டிக் கவிழ்க்கிறாள். ஷூவுக்குப் பாலிஷ் போடும் கை அப்படியே காலுக்கும் ஏறிவிடுகிறது. முடிவு பயங்கரம். அதுவரை சிரித்துக்கொண்டிருந்ததற்காக நமக்கே கூச்சமாக இருக்கும்.

இரண்டிலும் அடக்குகிற ஆள் என்று ஒருவர்கூட இல்லை. பூட்டியவனைக் காட்டியிருந்தால் நாம் அவனைத் திட்டிவிட்டுச் சாப்பிடப் போயிருப்போம்.

ராஸ்லர் படம் ஓடிய ஆறு நிமிடத்தில் அம்மா இரண்டு முறை எழுந்துபோய் அடுப்பைப் பார்த்துவிட்டு வந்தார். அப்போது நான் அதைக் கவனிக்கக்கூட இல்லை. அக்கர்மன் படத்தை இன்னும் காட்டவில்லை. அது 13 நிமிடம். அம்மாவைச் சேர்ந்தாற்போல் அவ்வளவு நேரம் உட்காரவைக்க முடியவில்லை.