ருமேலி ஹிசாரியின் பலம் கோபுரத்தில் இல்லை
இஸ்தான்புல்லின் ருமேலி ஹிசாரி கோட்டையின் பலமே அதன் உயரமான கோபுரங்கள்தான் என்று ஒரு கட்டுரை சொல்கிறது. கோபுரங்கள் பிரமாண்டம், சரி. ஆனால் 1452இல் உஸ்மானிய சுல்தான் இரண்டாம் மெஹ்மெத் இந்தக் கோட்டையைக் கட்டியது கப்பல்களை மறிக்க. பாஸ்பரஸ் நீரிணை இங்கேதான் மிகவும் குறுகல், சுமார் 700 மீட்டர். எதிர்க்கரையில் அவருடைய கொள்ளுத்தாத்தா முதலாம் பயேசித் கட்டிய அனடோலு ஹிசாரி கோட்டை ஏற்கெனவே நின்றது. அதனால் உண்மையான ஆயுதம் கரையோரத் தாழ்வான மதிலில் வைத்த பெரிய பீரங்கிகள்தான். மேலிருந்து சுட்டால் ஓடும் கப்பலைக் குறிவைப்பது கடினம். நீர்மட்டத்தை ஒட்டிச் சுட்டால் குண்டு நேராகக் கப்பலின் பக்கவாட்டில் பாயும். அந்த ஆண்டு நவம்பரில், நிற்கச் சொல்லியும் நிற்காத அந்தோனியோ ரிட்சோவின் வெனிஸ் கப்பலை இப்படித்தான் மூழ்கடித்தார்கள். நான் அங்கே போனபோது செங்குத்தான படிகளில் மூச்சு வாங்க ஏறிப் பார்த்துவிட்டு, அப்புறம் கீழே கரைச் சாலையில் வந்து நின்றேன். எதிர்க்கரை அவ்வளவு பக்கத்தில் தெரிந்தது! அங்கே நின்றபோதுதான் எனக்கு இந்தக் கோட்டையே புரிந்தது. இவ்வளவு பெரிய கோட்டையை நான்கு மாதத்தில் எப்படிக் கட்டி முடித்தார்கள் என்று ஒரு நண்பர் கேட்டிருக்கிறார். மூன்று பெரிய கோபுரங்களையும் ஹலில், ஸாகனோஸ், சாருஜா என்ற மூன்று பாஷாக்களின் (சுல்தானின் உயர் அதிகாரிகள்) பொறுப்பில் விட்டு, ஒரே நேரத்தில் வேலையை நடத்தினார்கள். இடிந்த பைசாந்தியக் கட்டடங்களின் கற்களும் தூண்களும் கைக்குக் கிடைத்தன; மதிலில் அந்தத் தூண் துண்டுகளை இன்றும் பார்க்கலாம்.