ஆமாம் சார், எனக்குப் பாஸ்போர்ட் இல்லை

ஞாயித்துக்கிழமை கிருஷ்ணகிரி கூட்டத்துல, வெளிநாட்டுல நடக்கிற கோஸி மிஸ்டரி கதைகளைப் பத்தி நான் பேசினப்போ நடந்ததைத் திரும்பச் சொல்ல வேண்டியதில்லை. அந்த 40 செகண்ட் வீடியோவை எனக்கே 11 பேர் அனுப்பிட்டீங்க. அதுல மூணு பேர் விழுந்து விழுந்து சிரிக்கிற பொம்மையோட. நன்றி.

ரெண்டு நாள் பேசாமத்தான் இருந்தேன். கம்பெனியில மாங்கூழ் சீசன், லாரி எடைச்சீட்டு என் மேசையில குவிஞ்சு கிடக்கு, இதுல இது வேறயான்னு விட்டுட்டேன். நேத்து ராத்திரி ஒருத்தர் ‘கதையிலயே உலகம் சுத்துற அக்கா’ன்னு என்னை டேக் பண்ணினதும் தூக்கம் போச்சு. எழுதிடறேன். நீளமாத்தான் இருக்கும். முடியாதவங்க இப்பவே தள்ளிட்டுப் போங்க.

நான் பேசின கதைகளைப் பத்தி, முதல் வரிசையில இருந்த சார் சொன்னது இதுதான்: “இதெல்லாம் பாஸ்போர்ட் இல்லாதவங்க ஊர் சுத்தறதுக்குன்னே எழுதின கதைங்கம்மா.” ஹாலே சிரிச்சுது. நானும் சிரிச்சேன். வீடியோவுல பாருங்க, நல்லாத்தான் சிரிச்சிருக்கேன்.

கோஸி மிஸ்டரின்னா என்னன்னு வராதவங்களுக்காக ரெண்டு வரி. கொலை இருக்கும், ஆனா ரத்தம் நம்ம மேல தெறிக்காது. கண்டுபிடிக்கிறது பெரும்பாலும் போலீஸ் இல்லை. ஒரு பாட்டி, ஒரு சமையல்காரம்மா, ஒரு ரிட்டயர் ஆன மனுஷன். கடைசியில யாருன்னு தெரிஞ்சதும் ஊர் பழையபடி டீ குடிக்கப் போயிடும். அதையே எகிப்துல, ஆப்பிரிக்காவுல, சிங்கப்பூர்ல வச்சு எழுதறாங்க. அதைப் பத்தித்தான் 20 நிமிஷம் பேசினேன்.

பேசினது ஒரே விஷயம். சுத்திப் பாக்க வர்றவனுக்கு ஊர் தன் வாசலைக் காட்டும். துப்பறிய வர்றவளுக்குப் புழக்கடையைக் காட்டியே ஆகணும். அன்னிக்குப் பாத்திரம் கழுவினது யாரு, பால் எத்தனை மணிக்கு வந்துச்சு, எந்தக் கதவு தாழ் போடாம இருந்துச்சு, எந்தத் தம்பி எந்த அண்ணனோட பேச்சுவார்த்தை இல்லாம இருக்கான். இதையெல்லாம் கேக்காம அந்தக் கதை ஒரு பக்கம் நகராது. கொடி பிடிச்சு முன்னாடி நடக்கிற கைடு இதுல ஒண்ணையாவது சொல்லுவாரா?

எங்க அம்மாவையே எடுத்துக்குங்க. இடுப்பெலும்பு உடைஞ்சு மூணு மாசம் படுக்கையில இருந்தாங்க. சீரியல் பாத்து அலுத்துப்போய், “நீ என்னமோ படிக்கிறியே, அதைச் சொல்லேன்”னாங்க. நான் வச்சிருந்தது அலெக்சாண்டர் மெக்கால் ஸ்மித் 1998-ல ஆரம்பிச்ச, ஆப்பிரிக்காவுல போட்ஸ்வானாங்கிற நாட்டுல நடக்கிற கதை வரிசையில முதல் புத்தகம். ப்ரெஷியஸ் ரமோட்ஸ்வேன்னு ஒரு பொம்பளை. அவளோட அப்பா தென்னாப்பிரிக்கச் சுரங்கத்துல வேலை பாத்து, தூசியில நெஞ்சு கெட்டு செத்துப்போறார். அவர் விட்டுட்டுப் போன மாடுகளை வித்துத்தான் அவ துப்பறியும் ஆபீஸ் போடறா.

“மாட்டையா வித்தா? எல்லாத்தையுமா? கன்னுக்குட்டியையுமா?” அன்னிக்கு ராத்திரி அம்மாவுக்குக் கொலையும் வேணாம் களவும் வேணாம், மாட்டுக் கணக்குதான் வேணும். சுரங்கத் தூசின்னு நான் படிச்சதும் கொஞ்ச நேரம் ஒண்ணும் பேசலை. எங்க சின்ன மாமா பர்கூர் பக்கம் கல் குவாரியில வேலை பாத்து இருமி இருமியே போனவர். அந்த நாட்டுப் பணத்துக்குப் பேரு புலா, புலான்னா அவங்க பாஷையில மழைன்னு சொன்னேன். “தண்ணிக்கு அலைஞ்ச சனம்தான் பணத்துக்கு மழைன்னு பேர் வைக்கும்”னாங்க. அஞ்சாவது வரை படிச்சவங்க. தர்மபுரி ஜில்லாவுல மானம் பாத்த கொல்லையில கேவுரு வெதைச்சவங்க. அந்த நாட்டுத் தலைநகரம் காபரோன் எங்க இருக்குன்னு மேப்புல காட்டத் தெரியாது. ஆனா அந்த ஊர்க்காரி கவலை என்னன்னு ஒரு ராத்திரியில புரிஞ்சுது.

சார் போன வருஷம் ஐரோப்பா போனார். 9 நாள், 7 நாடு. படமெல்லாம் பாத்தோம், லைக்கும் போட்டோம். பாரிஸ்ல தயிர்சாதம் கிடைச்சதைத் தனிப் பதிவாவே போட்டிருந்தார். நான் அங்க போய் ‘இது சோறு கட்டிக்கிட்டுப் போய் பார்க்கிற பாரிஸ்’னு எழுதலையே. எழுதியிருக்கலாம்.

இப்ப கமெண்ட்டுல வரப்போறதுக்கு நானே பதில் சொல்லிடறேன்.

‘வெள்ளைக்காரன் கண்ணால பாக்கிற கதைதானே’ன்னு தோழர்கள் கேப்பீங்க. கேக்கணும். எனக்கும் உறுத்துது. அகதா கிறிஸ்டி 1937-ல எழுதின நைல் நதிக் கொலையில கப்பல் நிறைய வெள்ளைக்காரங்க. எகிப்துக்காரங்க படகு தள்ளுவாங்க, மணிமாலை விப்பாங்க, அவ்வளவுதான். அந்தம்மா ஒண்ணும் ரெண்டு நாள் டூர் போனவங்க இல்லை. 1930-ல மேக்ஸ் மல்லோவன்ங்கிற தொல்லியல்காரரைக் கட்டிக்கிட்டு ஈராக்லயும் சிரியாவுலயும் சீசன் சீசனா குழி தோண்டுற இடத்துலயே தங்கினவங்க. ஈராக்ல நிம்ருதுங்கிற பழைய நகரத்துல 2,500 வருஷத்துக்கும் மேல பழசான தந்தச் சிற்பங்களைத் தன்னோட முகக் கிரீமை வச்சுத் துடைச்சவங்க. அத்தனை பக்கத்துல இருந்தும் அந்த ஊர்க்காரன் அவங்க கதையில ஓரமாத்தான் நிக்கறான்.

இந்தப் பக்கம் கீட்டிங்னு ஒரு இங்கிலாந்துக்காரர். 1964-ல பம்பாய் இன்ஸ்பெக்டர் கோட்டேவை வச்சு எழுத ஆரம்பிச்சார். பம்பாயை அவர் முதல்ல பாத்ததே சுமார் 10 வருஷம் கழிச்சுத்தான். ஆனா கோட்டே ஓரமா நிக்கலை. மேலதிகாரிகிட்டத் திட்டு வாங்கிக்கிட்டு, பயந்துக்கிட்டு, விடாமக் கண்டுபிடிக்கிற கதாநாயகன். தப்பும் தவறும் இருக்குன்னு பம்பாய்க்காரங்க சொன்னா நான் சண்டைக்கு வரமாட்டேன். நான் கேக்கறது வேற. பாஸ்போர்ட் இருந்த அம்மா ஓரத்துல வச்சாங்க, ஊரையே பாக்காதவர் நடுவுல வச்சார். அப்போ பாஸ்போர்ட் என்னத்தைக் கிழிச்சுது சார்?

இன்னொண்ணும் ஒத்துக்கறேன். தெரிஞ்ச ஊரா இருந்தா இந்தக் கதைங்க சில சமயம் இடிக்கும். 2015-ல வஸீம் கான் ஆரம்பிச்ச பம்பாய் வரிசையில ரிட்டயர் ஆன இன்ஸ்பெக்டருக்குக் குட்டி யானை ஒண்ணு சொத்தா வருது, கேஸுக்கெல்லாம் கூடவே வருது. உலகமே கொஞ்சுது. தேன்கனிக்கோட்டையில அறுப்பு நேரத்துல யானைக்குப் பயந்து விடிய விடியத் தீப்பந்தத்தோட காவல் கிடக்கிறவங்ககிட்டப் போய் அதைச் சொல்லிப் பாருங்க. அந்த ஊர்ல என் நாத்தனார் வீடு இருக்கு. எனக்கு முழுசாச் சிரிக்க முடியலை. (கடைசி வரை படிச்சேங்கிறது வேற விஷயம். யானை நல்ல யானை.)

‘கொலையைப் போய்ப் பொழுதுபோக்காப் படிக்கலாமா’ன்னு கேக்கறவங்களுக்குப் பதில் கிடையாது. ராத்திரி ஒன்பது மணி சீரியலை நிறுத்திட்டு வாங்க, பேசலாம்.

எங்க அப்பா கதையைச் சொல்லித்தான் ஆகணும். அன்னிக்கு மேடையில அதைச் சொல்ல வர்றப்பதான் மைக்கை வாங்கிட்டாங்க. தர்மபுரி - ஒகேனக்கல் பஸ்ல 22 வருஷம் கண்டக்டர். ஒரு ஞாயித்துக்கிழமை சாயங்கால டிரிப்ல பெங்களூர்க் குடும்பம் ஒண்ணு. பென்னாகரம் வர்றதுக்கு முன்னாடி அந்தம்மா கழுத்தைத் தடவிட்டு அலறிட்டாங்க. மூணு பவுன் செயினைக் காணோம். பஸ்ஸை ஸ்டேஷனுக்கு விடுன்னு ஒரே கூச்சல். பின் சீட்டுல ஒகேனக்கல் பக்கத்து ஊட்டமலைப் பையன் ஒருத்தன், பரிசல் ஓட்டுறவர் மகன், கிழிஞ்ச பனியன். எல்லாக் கண்ணும் அவன் மேல. ஒரு ஆள் எழுந்தே போயிட்டார்.

அப்பா விசில் அடிச்சு வண்டியை ஓரங்கட்டச் சொல்லிட்டு, அந்தம்மாகிட்ட ஒண்ணுதான் கேட்டார்: “வீட்டுக்காரர் எண்ணெய் மசாஜ் பண்ணிக்கிட்டாருங்களா?”

பண்ணிக்கிட்டார். அருவியில இறங்கற பொம்பளைங்க நகையைக் கழட்டிப் புருஷன்கிட்டக் குடுப்பாங்க, அவர் சட்டைப் பையில போடுவார். அவர் மசாஜுக்கு உக்காந்ததும் எண்ணெய் படக்கூடாதுன்னு அந்தச் சட்டையைச் சுருட்டிப் பாறை மேல வைப்பாங்க. குளிச்சதும் வேற சட்டை. பழசு ஈரத்துணி மூட்டைக்குள்ள போயிடும். அதுக்குள்ள மீன் வறுவல் வாசம் வந்து எல்லாத்தையும் மறக்கடிச்சுடும். அந்தம்மா நகையைத் திரும்ப வாங்கிப் போட்டுக்கிட்டதாச் சத்தியமே பண்ணினாங்க. மூட்டையைப் பிரிச்சா சட்டைப் பையில செயின்.

அந்தக் குடும்பம் அருவியைப் பாத்துச்சு, படம் எடுத்துச்சு. அருவிக்கரையில மனுஷங்க எப்படிப் பிழைக்கிறாங்கன்னு தெரிஞ்சது செயின் காணாமப்போன அந்தக் கால் மணி நேரத்துலதான். நான் 20 நிமிஷம் சொல்ல வந்தது இதைத்தான். அந்தப் பையன் தர்மபுரிக்கு டிக்கெட் எடுத்தவன். பென்னாகரத்துலயே இறங்கிட்டானாம். அப்பா கடைசி வரைக்கும் அதைச் சொல்லிச் சொல்லி வருத்தப்பட்டார்.

அப்புறம், ‘இங்கிலீஷ்ல படிக்கிறேன்னு பந்தா’ன்னு எழுதின தம்பிக்கு. நான் தமிழ் மீடியம், கவர்மெண்ட் ஸ்கூல். பெங்களூரு அவென்யூ ரோட்டுல பழைய புத்தகத்தைக் கிலோக் கணக்குல வாங்கி, டிக்‌ஷனரியை மடியில வச்சுக்கிட்டு முதல் புத்தகத்தை முடிக்க அஞ்சு மாசம் ஆச்சு. கொலைகாரன் யாருன்னு தெரிஞ்சுக்கிற ஆசைதான் என்னை இங்கிலீஷ் படிக்க வச்சுது. இதுல பந்தா எங்க வந்துச்சு? துப்பறியும் சங்கர்லாலை வெளிநாடெல்லாம் அனுப்பி வச்சுக் கதை எழுதின தமிழ்வாணனை வரி விடாமப் படிச்சு வளர்ந்த தலைமுறைதான் சார் நீங்களும். ஆம்பளைங்க படிச்சா அது வாசிப்பு ருசி. மாங்கூழ் கம்பெனிக் கணக்குப்பிள்ளைம்மா படிச்சா பாஸ்போர்ட் இல்லாத ஏக்கம்.

ஏக்கம் இருக்கட்டுமே. இருக்கு. அஸ்வான்ல நைல் கரையில உக்காந்து ஒரு டீ குடிக்கணும்னு எனக்கு ஆசைதான். கல்யாணமான வருஷம் பாஸ்போர்ட் எடுக்கலாம்னு கேட்டதுக்கு, “எந்த நாட்டுக்குப் போகப் போறே, அதுக்கு எதுக்கு ஆயிரம் ரூவா”ன்னு வீட்ல சிரிச்சாங்க. ஞாயித்துக்கிழமை கேட்டதும் அதே சிரிப்புதான். அதனாலதான் இவ்வளவு நீளமா எழுதறேன் போல.

சார், உங்களை நான் பிளாக் பண்ணலை, அன்ஃப்ரெண்டும் பண்ணலை. கூட்டத்தை வீடியோ எடுத்த தம்பிக்கு ஒரே ஒரு வேண்டுகோள். அந்த 40 செகண்டுக்குப் பதிலா முழுசாப் போடுப்பா. அம்மா மாட்டுக் கணக்கு கேட்டதை நான் சொன்னப்போ முதல் வரிசையில சார் தலையாட்டிக்கிட்டுக் கேட்டது அதுல இருக்கும்.