துணிக்கு இல்லை, கட்டிவிடும் கைக்குத்தான் காசு

ஜப்பானின் க்யோட்டோ நகரத்தில் கிமோனோ என்கிற அந்த ஊர்ப் பாரம்பரிய உடையை வாடகைக்கு எடுத்து உடுத்திப் படம் போட்டால் நம் ஆட்களிடமிருந்து இரண்டு விதமான பேச்சு வரும். ஒன்று, "என்ன, மாறுவேடப் போட்டியா?" மற்றது கொஞ்சம் படித்தவர்களுடையது: "அடுத்தவர் பண்பாட்டை ஒரு நாள் வாடகைக்கு எடுத்து விளையாடுவது சரியா?" நான் ஒசாகாவில் குடியிருக்கிறேன். ஊரிலிருந்து யார் ஜப்பானுக்கு வந்தாலும் அவர்களை க்யோட்டோவுக்குக் கூட்டிப்போகிற வேலை என் தலையில்தான் விழும். அதனால் இந்தக் கடைகளில் நிறையவே காத்துக் கிடந்திருக்கிறேன். இரண்டு பேச்சிலும் எனக்கு உடன்பாடு இல்லை.

முதலில் காசு. க்யோட்டோவில் சாதாரணத் திட்டம் 3,000 யென்னிலிருந்து 5,000 யென் வரை ஆகும். கிமோனோ, உள்ளங்கி, ஒபி என்கிற இடுப்புப் பட்டை, பெருவிரல் தனியாகப் பிரிந்த தபி காலுறை, ஸோரி செருப்பு, சின்னக் கைப்பை, கட்டிவிடுகிற கூலி எல்லாம் அதில் அடக்கம். தலை அலங்காரத்துக்குத் தனிக் காசு. காலையில் கட்டிக்கொண்டு போனால் மாலை ஐந்து, ஐந்தரைக்குள் திருப்பித் தர வேண்டும்.

இந்த விலைக்குக் கிடைப்பது பெரும்பாலும் பாலியஸ்டர். க்யோட்டோவின் பெயர்பெற்ற நிஷிஜின் நெசவும் இல்லை, கையால் தீட்டுகிற யூசென் சாயமும் இல்லை, இயந்திரத்தில் அச்சடித்த பூக்கள். தினமும் யார் யாரோ உடுத்தி, மச்சா ஐஸ்கிரீம் சொட்டி, மழையில் நனைத்துத் தருகிற துணியை மெஷினில் போட்டுத் துவைத்தாக வேண்டும், பட்டு அதற்குத் தாங்காது. "அப்போ போலிதானே?" என்று கேட்பவர்களை க்யோட்டோவின் மாதச் சந்தைகளுக்கு அனுப்ப ஆசை. தோஜி கோயிலில் 21ஆம் தேதி, கிதானோ தென்மாங்கு கோயிலில் 25ஆம் தேதி. அங்கே பழைய பட்டுக் கிமோனோக்கள் மூட்டை மூட்டையாகக் குவிந்து கிடக்கும். 1,000 யென், 2,000 யென் என்று அட்டையில் எழுதி வைத்திருப்பார்கள். அசல் பட்டு, கையால் தைத்தது, பாலியஸ்டரின் ஒரு நாள் வாடகையை விட மலிவு!

ஏன் இப்படி? பாட்டி இறந்துபோனால் அவர் கிமோனோ அடுக்கி வைத்திருந்த மரப்பெட்டியை என்ன செய்வதென்று வீட்டில் யாருக்கும் தெரிவதில்லை. உடுத்த ஆள் இல்லை, கட்டத் தெரிந்த ஆள் அதைவிட இல்லை. பழைய துணி வியாபாரியிடம் மொத்தமாகக் கொடுத்துவிடுகிறார்கள். இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு கிமோனோ அன்றாட வாழ்க்கையை விட்டு நகர்ந்துவிட்டது. அம்மாவிடமிருந்து மகளுக்கு வந்துகொண்டிருந்த கட்டும் முறையைக் காசு கட்டிக் கற்றுக்கொள்ள 1960களில் பள்ளிகளே வந்துவிட்டன. 'கிட்சுகே' பள்ளி என்பார்கள். கட்டுவதற்குப் பள்ளி, சான்றிதழ், அப்புறம் அதுவே ஒரு தொழில்.

ஆக, துணி மலிந்து கிடக்கிறது, கட்டுகிற கைதான் அரிது. வாடகைக் கடையில் நாம் காசு கொடுப்பது அந்தக் கைக்குத்தான். இது புரிந்தால் 'போலி' என்கிற குற்றச்சாட்டுக்கு அங்கே வேலையே இல்லை.

அந்தக் கை என்ன செய்கிறது என்று கிட்ட நின்று பார்க்க வேண்டும். மதுரையிலிருந்து சித்தி வந்திருந்தபோது கட்டிவிட்டவருக்கு அறுபது வயதுக்கு மேல் இருக்கும். முதலில் சித்தியின் இடுப்பைச் சுற்றி ஒரு துண்டை வைத்துக் கட்டினார். "ஏண்டி, நானே குண்டு, இது எதுக்கு?" என்று சித்தி கேட்டார். கிமோனோவுக்கு வளைவு நெளிவு ஆகாது, உடம்பு தூண் போல நேராக நின்றால்தான் மடிப்பு நிற்கும், இடுப்புப் பள்ளத்தைத் துண்டு வைத்து நிரப்புவார்கள் என்றேன். "இந்த ஊர்லயே பொறந்திருக்கலாம்" என்றார் சித்தி.

அடுத்து வெள்ளைக் கழுத்துப்பட்டி வைத்த உள்ளங்கி. பின்கழுத்தில் ஒரு கைமுட்டி நுழைகிற அளவுக்குக் கழுத்துப்பட்டியைக் கீழே இழுத்துவிட்டார். பிறகு கிமோனோ. வலப்பக்கம் உள்ளே, இடப்பக்கம் மேலே. மாற்றிப் போட்டால் அது பிணத்துக்கு உடுத்துகிற முறை, சின்னப் பிள்ளை கூட நிறுத்திச் சொல்லும். விளிம்பைக் கணுக்காலுக்குச் சரியாக நிறுத்தி இடுப்பில் ஒரு நாடாவைக் கட்டினார். மீதித் துணி முழுவதும் மேலே தொங்குகிறது. அக்குள் ஓரத்துத் திறப்பு வழியாகக் கையை உள்ளே விட்டு, அதைக் கீழே தள்ளி நீவி, இடுப்பில் ஒரு மடிப்பாக நிறுத்தினார். இந்த மடிப்புக்கு ஒஹாஷோரி என்று பெயர். குட்டையானவருக்கு மடிப்பு பெரிதாகும், நெட்டையானவருக்குச் சிறிதாகும், அதே கிமோனோ இருவருக்கும் பொருந்திவிடும். அதன் மேல் இன்னொரு நாடா, ஒரு பட்டி, அட்டை, கடைசியில் ஒபி. பொத்தான் இல்லை, ஊக்கு இல்லை. அரை மணி நேரத்துக்குள் முடிந்தது. அந்த அம்மா ஒரு தடவை கூடக் கண்ணாடியைப் பார்க்கவில்லை, எல்லாம் விரல் கணக்கு. சித்தி கையைக் காலை ஆட்டிப் பார்த்துவிட்டு, "நம்ம புடவை மாதிரிதான்டி, கட்டுறதுலதான் இருக்கு" என்றார்.

சரியாகத்தான் சொன்னார். கிமோனோ கிட்டத்தட்ட 12 மீட்டர் நீளமும் ஒன்றரைச் சாண் அகலமும் உள்ள ஒரே சுருளிலிருந்து வருகிறது. நேர்க்கோடாக வெட்டி எட்டுத் துண்டுகளைச் சேர்த்துத் தைப்பார்கள், வளைவு வெட்டு கிடையாது. அந்தக் காலத்தில் துவைக்க வேண்டுமென்றால் தையலைப் பிரித்து, துண்டுகளைப் பழையபடி ஒரே நீளத் துணியாகச் சேர்த்து அலசுவார்கள். ஓர் உடம்புக்கென்று அளவெடுத்து வெட்டிய உடுப்பை ஊருக்கெல்லாம் வாடகைக்கு விட முடியாது. இதை முடியும். வாடகைக் கடைக்கு இதைவிடத் தோதான உடுப்பைத் திட்டம் போட்டுச் செய்திருந்தாலும் கிடைத்திருக்காது.

ஆண்களுடைய கதை வேறு. அவர்களுக்கு அந்த இடுப்பு மடிப்பு இல்லை, அதனால் உயரத்துக்கு ஏற்றதாக எடுக்க வேண்டும். ஆறடிக்காரர்கள் முன்பதிவிலேயே உயரத்தைச் சொல்லிவிடுங்கள், இல்லையென்றால் கெண்டைக்கால் தெரிய நடக்க வேண்டிவரும். ஒபியைத் தொப்பைக்குக் கீழே இறக்கிக் கட்டுவார்கள். தொப்பை இருந்தால் அது நழுவாமல் நிற்கும். நம் ஊர்ச் சித்தப்பாக்களுக்கு அளவெடுத்த மாதிரி பொருந்துகிறது.

சரி, ஜப்பானியர்கள் என்ன செய்கிறார்கள்? அவர்களும் வாடகைக்குத்தான் எடுக்கிறார்கள். ஜனவரி மாதம் இரண்டாவது திங்கட்கிழமை வயதுவந்தோர் தினம். இருபதை எட்டிய பெண்கள் ஃபுரிசோதே என்கிற நீளக் கை வைத்த கிமோனோவில் நகராட்சி விழாவுக்குப் போவார்கள். சொந்தமாக வாங்கினால் பல லட்சம் யென். அதனால் வாடகைக்கு எடுப்பது சர்வசாதாரணம், சிலர் அம்மா அந்த நாளில் உடுத்தியதையே எடுத்து உடுத்துகிறார்கள். எதுவாக இருந்தாலும் அன்றைக்கு விடியற்காலை இருட்டிலேயே அலங்கார நிலையங்களில் கட்டிவிடுகிறவர்கள் முன்னால் வரிசை நிற்கும். மார்ச்சில் பட்டம் வாங்குகிற மாணவிகள் கிமோனோ மேல் கட்டும் ஹகாமா என்கிற மடிப்புப் பாவாடையும் பெரும்பாலும் வாடகைதான். 2018 ஜனவரியில் விழா நாளன்றே ஒரு ஃபுரிசோதே நிறுவனம் கடையைப் பூட்டிக்கொண்டு போய்விட, யோகொஹாமா பக்கம் எத்தனையோ பெண்கள் உடுப்பும் இல்லாமல், கட்டிவிட ஆளும் இல்லாமல் அழுதுகொண்டு நின்றார்கள். நாடே கொதித்தது. க்யோட்டோ வாடகைக் கடைகளிலும் ஜப்பான் இளசுகள் கூட்டம் கூட்டமாக வருகிறார்கள். அவர்கள் மாறுவேடமா போடுகிறார்கள்?

அடுத்தவர் பண்பாட்டை வாடகைக்கு எடுக்கிறோம் என்கிற இரண்டாவது குற்றச்சாட்டுக்கு வருவோம். 2015இல் பாஸ்டன் நுண்கலை அருங்காட்சியகத்தில், ஓவியர் மோனே தன் மனைவிக்குச் சிவப்பு ஜப்பானிய அங்கி உடுத்தி 1876இல் தீட்டிய படத்தின் முன்னால், அதே மாதிரி அங்கி ஒன்றை வைத்து வருகிறவர்கள் போட்டுப் பார்க்கலாம் என்றார்கள். அமெரிக்காவில் வளர்ந்த ஆசிய இளைஞர்கள் எதிர்ப்புப் பலகையோடு வந்தார்கள். போட்டுப் பார்ப்பது நிறுத்தப்பட்டது, தொட்டுப் பார்க்க மட்டும் அனுமதி. பிறகு கிமோனோ உடுத்திய ஜப்பானியப் பெண்கள் சிலர், போடவிடுங்கள் என்று அதே இடத்துக்கு வந்து நின்றார்கள்! அமெரிக்காவில் சிறுபான்மையாக வாழ்பவரின் வலி வேறு, அதை நான் கிண்டல் செய்ய மாட்டேன். ஆனால் அந்தச் சண்டையைத் தூக்கிக்கொண்டு வந்து க்யோட்டோவில் இறக்க முடியாது. இங்கே கடைக்காரர் கூப்பிடுகிறார், பேருந்தில் பக்கத்து இருக்கைப் பாட்டி ஒபியைத் தடவிப் பார்த்துவிட்டு "நன்றாக இருக்கிறது" என்கிறார்.

க்யோட்டோவுக்குக் கோபம் வந்ததும் உண்டு. 2019இல் அமெரிக்கத் தொலைக்காட்சிப் பிரபலம் கிம் கர்தாஷியன் தன் உள்ளாடை நிறுவனத்துக்கு 'கிமோனோ' என்று பெயர் வைத்து வணிக முத்திரைக்கும் விண்ணப்பித்தார். அப்போதைய மேயர் கதோகாவா தைசாகு எப்போதும் கிமோனோவில்தான் தென்படுவார். எல்லோருக்கும் பொதுவானதைத் தனியுடைமை ஆக்காதீர்கள் என்று அவர் பகிரங்கக் கடிதம் எழுதினார். பெயர் 'ஸ்கிம்ஸ்' ஆனது. பொதுவானது என்று மேயரே சொன்ன பிறகு நமக்கென்ன தயக்கம்?

எனக்கு எரிச்சல் தருவது வேறு. க்யோட்டோவின் கியோன் பகுதியில் கிமோனோ உடுத்திக்கொண்டே, கெய்ஷா கலைக்குப் பயிற்சி பெறுகிற மாய்கோ பெண்களைத் துரத்திப் படம் எடுக்கிறார்கள். அந்தப் பெண்கள் வேலைக்குப் போகிறவர்கள். பகுதிவாசிகள் பொறுத்துப் பார்த்துவிட்டு 2024இல் தனியார் சந்துகளில் சுற்றுலாப் பயணிகள் நுழையத் தடை போட்டார்கள், மீறினால் 10,000 யென் அபராதம் என்று பலகை தொங்குகிறது. வாசகத்தைப் படித்துவிட்டும் உள்ளே நுழைகிறவர்களைப் பார்த்திருக்கிறேன்.

அடுத்தது அவசரக் கடைகள். மலிவு என்று ஒரு கடைக்கு உறவுக்காரப் பெண்கள் சிலரைக் கூட்டிப் போனேன். முன்பே முடிச்சுப் போட்டுத் தைத்து வைத்த ஒபியை முதுகில் செருகி, வரிசையாக நிறுத்தி அனுப்பிவிட்டார்கள். நடுப்பகலுக்குள் ஒருத்திக்குக் கழுத்துப்பட்டி அவிழ்ந்தது, இன்னொருத்தி விளிம்பை மிதித்துக்கொண்டே நடந்தாள். பூ நன்றாக இருக்கிறதா என்று கேட்காதீர்கள், கட்ட எவ்வளவு நேரம் எடுப்பார்கள், நழுவினால் திரும்பி வந்து சரிசெய்துகொள்ளலாமா என்று கேளுங்கள். ஆயிரம் யென் கூடப் போனாலும் பரவாயில்லை. ஆளுக்கு ஆள் லேஸ் வைத்த கிமோனோவைத் திட்டுகிறார்கள். எனக்கும் பிடிக்காதுதான், ஆனால் ஒழுங்காகக் கட்டியிருந்தால் நான் வாயைத் திறக்க மாட்டேன்.

அன்றைக்கு நிறைய இடம் போகத் திட்டம் போடாதீர்கள். கியோமிசு கோயில், சன்னென்ஸகா, நினென்ஸகா சரிவுத் தெருக்கள், யாசகா கோபுரம், அங்கிருந்து யாசகா ஆலயம், இவ்வளவு போதும். ஃபுஷிமி இனாரி மலையில் கிமோனோவோடு ஏறுகிறேன் என்றால் கீழே இருக்கும் சிவப்பு வாசல் வளைவுகளோடு நிறுத்திக்கொள்ளுங்கள். கால் எட்டு வைக்காது, அரையடி அரையடியாகத்தான் போகும். படியில் வலது கையால் முன்மடிப்பை லேசாகத் தூக்கிப் பிடியுங்கள். சன்னென்ஸகா படியில் தடுக்கி விழுந்தால் மூன்று வருடத்தில் சாவு என்று ஒரு நம்பிக்கை உண்டு, அதற்குப் பரிகாரமாகச் சுரைக்குடுக்கை விற்கும் கடை அந்தச் சரிவிலேயே இருக்கிறது. ஸோரியோடு இறங்கிப் பார்த்தால் அந்தக் கதையைக் கட்டியவர் பாவம், அனுபவஸ்தர் என்று தோன்றும். விரலிடுக்கு வார் வெள்ளைக்காரர்களைப் படுத்துகிற அளவுக்கு நம்மைப் படுத்தாது, செருப்புப் போட்டே வளர்ந்த கால். குதிகால் கொஞ்சம் வெளியே நீட்டிக்கொண்டிருப்பதுதான் அழகு, அளவு சின்னது என்று மாற்றக் கேட்காதீர்கள்.

கழிப்பறைக்குப் போகும்போது ஒவ்வொரு அடுக்காகத் தூக்கித் துணி கிளிப்பால் ஒபியில் மாட்டிக்கொள்ளுங்கள், நாலு கிளிப் பையில் இருக்கட்டும். மதியம் ராமென் நூடுல்ஸ் வேண்டாம், ஒபிக்குள் வயிறும் இடம் கொடுக்காது, குழம்பும் தெறிக்கும். ஜூலை, ஆகஸ்டில் வந்தால் கிமோனோவை விட்டுவிட்டு யுகாத்தா என்கிற மெல்லிய பருத்தி அங்கி எடுங்கள், க்யோட்டோ வெயில் புழுக்கத்தில் நம் ஊருக்குச் சளைத்ததில்லை. ஜூலை 16 மாலை கியோன் திருவிழாவுக்குப் போனால் பாதி ஊர் யுகாத்தாவில் இருக்கும். குளிரில் வருகிறவர்கள் உள்ளே கதகதப்பான பனியன் போட்டுக்கொள்ளலாம், ஆனால் முதுகுப் பக்கம் கழுத்து நன்றாக இறங்கியதாக இருக்க வேண்டும், இல்லையென்றால் கட்டிவிடுகிற அம்மா பின்கழுத்தை இழுக்கும்போது பனியன்தான் முதலில் எட்டிப் பார்க்கும். நவம்பர் இலையுதிர் காலத்திலும் செர்ரி பூக்கிற நாட்களிலும் காலை ஒன்பது மணி இடங்கள் சீக்கிரம் தீர்ந்துவிடும். டிக்கெட் போட்ட கையோடு கடையையும் புக் செய்துவிடுங்கள்.