ஆதாரம் கேட்ட தம்பிக்கு

சென்ற வாரம் நம் குழுவில் நடந்த கூத்தை மறுபடியும் விவரிக்கப் போவதில்லை, பார்த்தவர்கள் பார்த்திருப்பீர்கள். இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு பிரிட்டன் தன் ஆட்சியிலிருந்த நாடுகளை ஒவ்வொன்றாகக் கண்ணியத்தோடு ஒப்படைத்துவிட்டு, கொடியை இறக்கி, கைகுலுக்கி விடைபெற்றது என்று பதிவிட்ட நண்பருக்கு நான் நான்கு வரியில் மறுப்பு எழுதினேன். உடனே ஒரு தம்பி, "ஆதாரம் இருக்கிறதா ஐயா?" என்று சிரிக்கும் முகத்தோடு தனியாக ஒரு பின்னூட்டம் போட்டார். எழுபது சொச்சம் பேர் அதற்கு லைக் போட்டிருந்தார்கள். கேள்வி நியாயமானதுதான். அந்தச் சிரிப்புதான் எனக்கு விளங்கவில்லை.

ஆதாரத்தில் பெரும்பகுதியை எரித்துவிட்டார்கள், தம்பி. எரிக்கச் சொன்ன உத்தரவுகளில் சில மட்டும் தப்பித்திருக்கின்றன.

1961இல் குடியேற்ற நாடுகளுக்கான அமைச்சராக இருந்த இயன் மெக்லியோட், விடுதலை பெறவிருக்கும் நாட்டின் அரசிடம் எந்தக் காகிதங்கள் போய்ச் சேரக்கூடாது என்று ஒரு வரையறை கொடுத்தார். பிரிட்டிஷ் அரசுக்குத் தர்மசங்கடம் தரக்கூடியவை. காவல்துறைக்கும் ராணுவத்துக்கும் அரசு ஊழியர்களுக்கும் உளவு சொன்னவர்களுக்கும் தர்மசங்கடம் தரக்கூடியவை. புதிய அரசின் அமைச்சர்கள் நெறிதவறிப் பயன்படுத்திவிடக்கூடியவை. கடைசியாகச் சொன்னதை இன்னொரு முறை படித்துப் பாருங்கள். நெறியைப் பற்றிய கவலை அவர்களுக்கு! எரித்தால் சாம்பலையும் நொறுக்கிவிட வேண்டும். கடலில் போடுவதானால் கனம் கட்டிய பெட்டிகளில் அடைத்து, கரையிலிருந்து இயன்றவரை தொலைவில், நீரோட்டமில்லாத ஆழத்தில் போட வேண்டும். கென்யாவில் இந்த வேலையைத் தொடக்கூடியவர்கள் ஐரோப்பிய வம்சாவளியில் வந்த பிரிட்டிஷ் குடிமக்கள் மட்டுமே என்று விதித்திருந்தார்கள். ஒரு கோப்பை உருவியதால் அடுக்கில் இடைவெளி தெரியுமென்றால், அந்த இடத்தில் வைக்கப் போலிக் கோப்பு ஒன்று தயாரிக்க வேண்டும் என்பதும் விதி.

அந்தப் போலிக் கோப்பைப் பற்றிப் படித்த அன்று எனக்கு உறக்கம் வரவில்லை. ஒரு மாவட்ட அலுவலகத்தில் முப்பத்தொரு ஆண்டுகள் பணிபுரிந்தவன் நான். அதில் பதினோரு ஆண்டுகள் ரெக்கார்டு ரூமில் கழிந்தன. ஆர்.டிஸ். என்று முடித்த கோப்பு என்றைக்கும் இருக்க வேண்டும், டி.டிஸ். என்றால் பத்தாண்டு, கே.டிஸ். என்றால் மூன்றாண்டு என்று எங்களுக்கு ஒழுங்கு கற்றுக்கொடுத்ததே வெள்ளைக்கார அதிகாரிகள் வகுத்த முறைதான். செல்லரித்த கட்டைக்கூடப் பட்டியலிடாமல், கையொப்பம் வாங்காமல் நாங்கள் தூக்கி எறிய முடியாது. ஒரு முறை, கணவர் பெயரிலிருந்த நிலத்துக்கான கோப்பைத் தேடி ஓர் அம்மாள் ஐந்து தடவை பேருந்தேறி வந்தார். கோப்பு எங்கே போயிற்று என்று எனக்கு ஓரளவு தெரியும். மேலே இருந்தவர் சொன்னபடி, "கோப்பு கிடைக்கப்பெறவில்லை" என்று என் கையால் எழுதிக் கொடுத்தேன். அவர் அதை நான்காக மடித்து, சுருக்குப் பைக்குள் வைத்துக்கொண்டு, எனக்கு நன்றி சொல்லிவிட்டுப் போனார். ஆகவே கோப்பு காணாமல் போவது எப்படி என்று எனக்கு யாரும் பாடம் எடுக்க வேண்டியதில்லை.

எரிக்காதவற்றை லண்டனுக்குக் கொண்டுபோனார்கள். விடுதலைக்குப் பிறகு கென்யா அரசு கேட்டும் திருப்பித் தரவில்லை. கென்யாவில் பிரிட்டிஷ் ஆட்சியை எதிர்த்து நடந்த மாவ் மாவ் கிளர்ச்சிக் காலத்தில் முகாம்களில் சித்திரவதைக்குள்ளான முதியவர்கள் 2009இல் லண்டன் நீதிமன்றத்துக்குப் போனதால்தான், ஹான்ஸ்லோப் பார்க் என்ற அரசு வளாகத்தில் முள்வேலிக்குள் கிடந்த கோப்புகள் 2011இல் வெளியே வந்தன. 37 நாடுகளைச் சேர்ந்தவை, ஏறத்தாழ 8,800. 2013 ஜூனில் வெளியுறவு அமைச்சர் வில்லியம் ஹேக் நாடாளுமன்றத்தில் வருத்தம் தெரிவித்தார். 5,228 பேருக்கு வழக்குச் செலவு உட்பட 1 கோடியே 99 லட்சம் பவுண்டு இழப்பீடு என்று முடிவாயிற்று. சட்டப்படியான பொறுப்பை அப்போதும் ஏற்கவில்லை. கண்ணியம்!

மாவ் மாவ் மட்டும் யோக்கியமா என்று கேட்பீர்கள். இல்லை. 1953இல் லாரி என்ற ஊரில் பெண்களையும் குழந்தைகளையும் அவர்கள் கொன்றார்கள், அது கொடூரம். ஆனால் அதை மறைக்க வெள்ளை அரசு ஒரு காகிதத்தையும் எரிக்கவில்லை, உலகறியவே செய்தது. 1959 மார்ச்சில் ஹோலா முகாமில் காவலர்கள் 11 கைதிகளை அடித்துக் கொன்றபோது, தண்ணீர் வண்டியிலிருந்து நீர் குடித்த பிறகு இறந்துவிட்டார்கள் என்றுதான் முதல் அறிக்கை வந்தது. அடிபட்டுச் செத்தவன் தண்ணீர் குடித்துச் செத்தானாம்! அதற்கு இரண்டாண்டுகளுக்கு முன்பே, பாவம் செய்வதென்றால் சத்தமில்லாமல் செய்ய வேண்டும் என்று கென்யாவின் அட்டர்னி ஜெனரல் ஆளுநருக்கு எழுதியிருந்தார்.

பிரெஞ்சுக்காரர்கள் அல்ஜீரியாவில் இதைவிட மோசமாக நடந்தார்கள் என்று ஒருவர் உள்பெட்டியில் எழுதியிருக்கிறார். இருக்கட்டுமே. பக்கத்து வீட்டுக்காரன் கொலைகாரன் என்பதற்காகத் திருடனுக்குப் பொன்னாடை போர்த்துவதில்லை. எல்லா அரசும்தான் காகிதத்தை அழிக்கிறது என்று இன்னொருவர் சொல்கிறார். ஆமாம், நானே அதற்குத் துணை போனவன்தான், மேலே ஒப்புக்கொண்டிருக்கிறேன். ஆனால் அந்த அம்மாளிடம் போய், உங்கள் நிலம் கண்ணியமாகக் கைமாறியது என்று நான் சொல்லவில்லையே.

மலாயாவையும் சொல்லிவிடுகிறேன். 1948 டிசம்பரில் பத்தாங் காலி என்ற இடத்தில் ஸ்காட்ஸ் கார்ட்ஸ் என்ற பிரிட்டிஷ் படையினர் ஆயுதமற்ற 24 பேரைச் சுட்டுக் கொன்றார்கள். தப்பியோட முயன்றவர்களைச் சுட்டதாக அரசு சொன்னது. அந்தப் படையினரில் சிலரே பின்னாளில் அது பொய் என்று வாக்குமூலம் கொடுத்த பிறகு, 1970இல் தொடங்கிய விசாரணையை பிரிட்டனில் ஆட்சி மாறியதும் கைவிட்டார்கள். இறந்தவர்களின் உறவினர் 2015இல் பிரிட்டிஷ் உச்ச நீதிமன்றம் வரை போனார்கள். காலம் கடந்துவிட்டது, இனி விசாரணைக்கு உத்தரவிட முடியாது என்று தீர்ப்பாயிற்று. 1957இல் மலாயாவை விட்டுப் புறப்படும் முன், கோலாலம்பூரிலிருந்து ஐந்து லாரி நிறையக் காகிதங்கள் சிங்கப்பூர் கடற்படைத் தளத்துக்குப் போய் அங்கே உலையில் எரிந்தன. ஊருக்குள் எரித்தால் புகை தெரியும், 1947இல் டெல்லியில் அவர்கள் காகிதங்களை எரித்தபோது தெரிந்ததைப் போல. அந்த ஐந்து லாரிகளில் என்ன இருந்தது என்று சொல்ல இனி யாராலும் ஆகாது. காலம் கடந்துவிட்டது என்பார்கள், ஆதாரம் இல்லை என்பார்கள். இரண்டையும் ஏற்படுத்தியவர்களே அப்படிச் சொல்கிறார்கள் என்பது அந்த எழுபது பேருக்கு உறைக்கவில்லை.

ஆங்கிலேயன் மீது எனக்குத் தனிப்பட்ட பகை எதுவும் இல்லை. அவன் கொடுத்த பதிவேட்டு முறையில்தான் எனக்குச் சோறு கிடைத்தது, அதை நான் மறுக்கவில்லை.

இதையெல்லாம் அந்தக் குழுவிலேயே எழுதலாம் என்றுதான் இன்று காலை போனேன். என் நான்கு வரி மறுப்பு அங்கே இல்லை. யார் நீக்கியது என்று நிர்வாகியைக் கேட்டேன். அப்படியொரு பின்னூட்டம் வந்ததாகவே தெரியவில்லை என்று பதில் வந்திருக்கிறது. "ஆதாரம் இருக்கிறதா ஐயா?" மட்டும் அப்படியே இருக்கிறது, இப்போது தொண்ணூறு லைக்கோடு.