ஒன்பதரை மணி ராதிகா

நேற்று ராத்திரி சேனல் மாற்றிக்கொண்டே போனபோது 'கிழக்குச் சீமையிலே' மாட்டியது. பாதிப் படம்தான். ஆனாலும் எழுந்திருக்க முடியவில்லை. அண்ணனுக்கும் புருஷனுக்கும் நடுவே கிடந்து அல்லாடும் விருமாயியாக ராதிகா நடித்தபோது அவருக்கு வயது முப்பத்தொன்றுதான் (படம் 1993). அந்த வயதில் இன்னும் நாலு வருஷம் டூயட் பாடலாமா என்றுதான் பலரும் பார்ப்பார்கள்.

எங்கள் தெருவில் அவர் வேறு ஆள். 1999 கடைசியில் சன் டிவியில் 'சித்தி' ஆரம்பித்தது. மதுரைப் பக்கம் எங்கள் வீட்டில் பெரியம்மா ஒன்பதே காலுக்கெல்லாம் ரசச்சட்டியைக் கழுவிக் கவிழ்த்துவிட்டு, முந்தானையில் கையைத் துடைத்தபடியே வந்து டிவிக்கு முன்னால் உட்கார்ந்துவிடுவார். அதற்கு மேல் சோறு கேட்டால் நாமே போட்டுக்கொள்ள வேண்டியதுதான். நித்யஸ்ரீ குரலில் டைட்டில் பாட்டு ஒவ்வொரு வீட்டு ஜன்னலிலிருந்தும் வரும், தெருமுனையிலிருந்து நடந்து வந்தால் ஒரு வரிகூட விடாமல் கேட்டுவிடலாம். கரண்ட் போனால் மின்வாரியத்துக்கு விழும் திட்டு இருக்கிறதே, அதை இங்கே எழுத முடியாது.

அந்தக் காலத்தில் சீரியலுக்குப் போவது என்றால் சினிமாவில் கடையைச் சாத்தியாகிவிட்டது என்று அர்த்தம். ராதிகா போன விதம் வேறு. 'ராடான்' என்று சொந்தக் கம்பெனி, அதில் சொந்தத் தயாரிப்பு. தினமும் அழுகிற சாரதாவும் அவர்தான், அந்த யூனிட்டுக்குப் படியளந்த முதலாளியும் அவர்தான். அவரைப் பற்றிப் பேசுகிறவர்கள் எம்.ஆர்.ராதா மகள், 1978-இல் பாரதிராஜா 'கிழக்கே போகும் ரயில்' மூலம் அறிமுகப்படுத்தினார் என்று ஆரம்பித்து, கமலோடு நடித்தது, தெலுங்கில் சிரஞ்சீவியோடு நடித்தது என்று போய், இந்தக் கணக்குப்பிள்ளை வேலையை மட்டும் விட்டுவிடுகிறார்கள். என்னைக் கேட்டால் நாற்பது வருஷத்துக்கு மேல் அவர் தாக்குப்பிடித்ததற்குக் காரணமே அதுதான். அதுவும் திடீரென்று வந்ததில்லை. 1985-லேயே பிரதாப் போத்தன் இயக்கிய 'மீண்டும் ஒரு காதல் கதை'யைத் தயாரித்தவர் அவர், அறிமுக இயக்குநருக்கான தேசிய விருது அந்தப் படத்துக்குக் கிடைத்தது.

அப்புறம் 'அண்ணாமலை', 'செல்வி', 'அரசி', 'செல்லமே', 'வாணி ராணி' என்று வரிசையாக வந்தன. எல்லாமே நன்றாக இருந்தது என்று சொல்ல மாட்டேன். 'வாணி ராணி' 2013-இல் தொடங்கி 2018 வரை ஓடியது. அதில் அவருக்கு இரட்டை வேடம் வேறு. வக்கீல் வாணி வாயைத் திறக்கும்போதே எதிராளி தோற்றுவிடுவான் என்று தெரிந்துவிடும். ராணிக்காகத்தான் பார்த்தேன். ஒரே ஃபிரேமில் இரண்டு பேரும் நிற்கும்போது கழுத்தை நிமிர்த்தும் விதத்திலேயே யார் யார் என்று சொல்லிவிடலாம்.

'சித்தி 2' எனக்கு ஒட்டவே இல்லை. அவரும் பாதியில் விலகிவிட்டார். ஆனால் 'தர்மதுரை'யில் விஜய் சேதுபதிக்கு அம்மாவாக வந்தாரே, அந்தப் பாண்டியம்மாவைப் பார்த்தபோது விருமாயிக்கு வயசாகிவிட்ட மாதிரியே இருந்தது.

பெரியம்மாவுக்கு இப்போது கண் சரியாகத் தெரிவதில்லை, ஹாலில் டிவி ஓடினால் குரலை வைத்தே ஆளைச் சொல்வார். நேற்று விருமாயி குரல் கேட்டதும் உள்ளேயிருந்து கேட்டார், "சித்தியாடா அது? கொஞ்சம் சத்தமா வை."